சாம்பலே போர்வை
லான்சரோட்டே தீவில் ஓர் இயற்கை விவசாயப் பண்ணை

நீர் வளமும் நில வளமும் ஒருங்கே வாய்த்த நாட்டில் பயிர் செழிப்பது வியப்பன்று. ஆண்டு முழுவதும் பெய்யும் மழை ஆறு அங்குலத்தைத் தாண்டாத இடத்தில், அதுவும் பழைய மண் எரிமலை கக்கிய கரும்பரலின் கீழ்ப் பல அடி ஆழத்தில் புதைந்துபோன இடத்தில், குடியானவர்கள் இரண்டு நூற்றாண்டுகளுக்கு மேலாகத் திராட்சைக் கொடி நட்டுக் கனி பறித்து வருகின்றனர் என்றால், அவர்கள் கையாளும் முறை யாது என அறிந்துகொள்வது விவசாயத்தில் கருத்துடையோர் அனைவர்க்கும் பயன் தருவதாகும். மழை குன்றிய பூமியில் மானாவாரி செய்வோர்க்கு அது இன்னும் மிகுதியாகப் பயன்படும்.

அவ்விடம் லான்சரோட்டே என்னும் தீவு. ஸ்பெயின் தேசத்தைச் சேர்ந்த கானரித் தீவுக் கூட்டத்தில், அட்லாண்டிக் மகாசமுத்திரத்தின் நடுவே, ஆப்பிரிக்காக் கரைக்கு மேற்கே சுமார் 80 மைல் தொலைவில் அது இருக்கிறது. பரப்பு ஏறக்குறைய 325 சதுர மைல். தீவில் வற்றாத ஆறு ஒன்றேனும் இல்லை. வடகிழக்கிலிருந்து ஆண்டின் பெரும்பகுதியும் ஓயாது காற்று வீசுகின்றது. சிற்சில நாட்களில் சகாராப் பாலைவனத்திலிருந்து வெப்பக் காற்று புழுதியையும் சுமந்து வந்து இளந்தளிரைக் கருக்கிவிடுகின்றது. பெய்யும் சிறிதளவு மழையும் குளிர்காலத்து மாதங்களிலேயே பெய்து ஓய்கிறது. இத்தகைய தீவில் செயற்கை உரத்தையும் செயற்கைப் பூச்சி மருந்தையும் நீக்கி நடத்தப்பெறும் பண்ணைகள் சில உள்ளன. வேற்றுநாட்டுப் பிரயாணிகள் அவற்றிற்குச் சென்று காண்பதும், சிலர் தங்கிக் கைவேலை செய்து கற்பதும் இக்காலத்து வழக்கம்.

வழியும் காட்சியும்

பிரயாணி முதலில் வந்து சேர்வது கிழக்குக் கரையிலுள்ள அரெசிஃபே என்னும் துறைமுக நகருக்கு. அங்கிருந்து மேற்கே செல்லும் பாதை சான் பர்த்தொலொமே என்னும் ஊரைக் கடந்து தீவின் நடுப்பகுதியை அடைகிறது. அவ்வழியில் வெண்ணிறமான உயர்ந்த சிலை ஒன்று நிற்கக் காணலாம். அத்தீவிற் பிறந்த செசார் மன்ரிக்கே என்னும் சிற்பி, நிலத்தில் உழைத்தவர்களின் நினைவாக 1968ஆம் ஆண்டில் அமைத்த சின்னம் அது. தீவில் எங்கும் வீடுகள் தாழ்ந்து வெள்ளை பூசப்பட்டிருக்கின்றன.

அதற்குத் தெற்கே, யாய்சா என்னும் ஊரை நோக்கிச் செல்லுகையில் லா ஹேரியா என்னும் பள்ளத்தாக்கு தொடங்குகிறது. முதன்முறை காண்போர் அதனை விளைநிலம் என்று எண்ணமாட்டார்கள். கண்ணுக்கெட்டிய தூரம் பூமி கரியைப் பொடித்துக் கொட்டியதுபோல் கறுத்திருக்கிறது. மலைச் சரிவிலும் சமவெளியிலும் வட்ட வட்டமான குழிகள் வரிசை வரிசையாகத் தோண்டப்பட்டிருக்கின்றன. உயரத்திலிருந்து நோக்கினால் பூதங்கள் விளையாடிவிட்டுப் போட்டுப்போன பல்லாங்குழிப் பலகை போலத் தோன்றும். ஒவ்வொரு குழியின் விளிம்பிலும் பிறை வடிவமாகக் கல் அடுக்கிய ஒரு சிறு சுவர். ஒவ்வொரு குழியின் அடியிலும் ஒரு பசுங்கொடி, தரையோடு தரையாகப் படர்ந்து கிடக்கிறது. பந்தலும் இல்லை, கம்பும் இல்லை, வாய்க்காலும் இல்லை.

ஊர்களைப் புதைத்த நெருப்பு

லான்சரோட்டே எப்போதும் இவ்வாறு இருந்ததன்று. இன்று கறுத்துக் கிடக்கும் இப்பகுதிதான் முற்காலத்தில் தீவின் நெற்களஞ்சியம் என்று சொல்லத்தக்க தானிய பூமியாக இருந்தது. 1730ஆம் ஆண்டு செப்டம்பர் மாதம் முதல் தேதி இரவு, திமன்ஃபாயா என்னும் ஊரின் அருகே பூமி பிளந்து நெருப்பைக் கக்கிற்று. அப்போது யாய்சாவில் பாதிரியாராக இருந்த ஆந்திரேஸ் லொரென்சோ கூர்பேலோ என்பவர், தொடக்க நாட்களிலிருந்து கண்டவற்றைக் குறிப்பாக எழுதி வைத்திருந்தார். எரிகுழம்பு நாள்தோறும் ஊர்களை விழுங்கிற்று. பரல் மழை வயல்களை மூடிற்று. கால்நடைகள் மாண்டன. குடிகள் பலர் பக்கத்துத் தீவுகளுக்கு ஓடிப் பிழைத்தனர்.

இந்த நெருப்பு ஒரு நாளிலோ ஒரு மாதத்திலோ அடங்கவில்லை. 1736ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் வரை, ஆறு ஆண்டுக் காலத்திற்குச் சற்றுக் குறைய, விட்டு விட்டு எரிந்தது. அடங்கியபோது தீவில் ஏறக்குறைய நான்கில் ஒரு பங்கு எரிகுழம்பின் கீழ் மறைந்திருந்தது. பின்னர் 1824ஆம் ஆண்டிலும் சில மாதங்கள் எரிமலை மீண்டும் கிளம்பிற்று.

எரிகுழம்பு உறைந்த இடம் கல்லாகிவிட்டது; அதில் ஏர் ஓட்ட வழியில்லை. ஆயின் பரல் மட்டும் விழுந்த இடங்களில் குடியானவர்கள் ஒரு புதுமையைக் கண்டனர். பரல் மெல்லிதாகப் படிந்த வயல்களின் ஓரங்களில், முன்னைவிடப் பயிர் செழித்து நின்றது. மழை தவறிய நாட்களிலும் வாடவில்லை. அழிக்க வந்தது காக்கவும் வல்லது என்பதை அவர்கள் கண்கூடாகக் கண்டனர். பரல் ஆழமாக விழுந்த இடத்தில் குழி தோண்டிப் பழைய மண்ணைத் தேடினர். பரல் விழாத இடத்திற்கு அதனைத் தாமே ஒட்டகங்களின் முதுகில் ஏற்றிக் கொண்டுபோய்ப் பரப்பினர். இவ்விரு முறைகளே இன்றுவரை அத்தீவின் விவசாயத்திற்கு அடிப்படை.

பரல் எரு அன்று

எரிமலை மண் வளமானது என்று பொதுவாகச் சொல்லப்படுவதைக் கேட்டு வரும் பிரயாணி, இக்கரும்பரலே பயிர்க்கு உணவளிக்கிறது என்று எண்ணுவது இயல்பு. பண்ணையில் முதலில் திருத்தப்படும் பிழை இதுவே. எரிமலைக் கல் வளமான மண்ணாக மாறுவதற்கு நீண்ட காலமும் மழையும் வேண்டும். மழை மிகுந்த தீவுகளில் அது விரைவில் நடக்கும். லான்சரோட்டே போன்ற வறண்ட தீவில் முந்நூறு ஆண்டுகளில் பரல் பரலாகவே இருக்கிறது. கொடி உண்பது அடியிலுள்ள பழைய மண்ணை. மேலுள்ள பரல் அம்மண்ணிற்குப் போர்வை மாத்திரமே.

அத்தீவினர் இப்பரலை ரோஃபே என்கின்றனர். கடுகு முதல் கொண்டைக்கடலை வரை பருமனுள்ள இக்கற்கள் உள்ளே துளை நிறைந்தவை. கையில் எடுத்தால் மிக இலேசானவை. நண்பகலில் மேற்பரப்பைத் தொட்டால் சுடும், உலர்ந்திருக்கும். அதே இடத்தில் விரல்களால் பரலை விலக்கி ஒரு சாண் ஆழம் சென்றால் அடியிலுள்ள மண் குளிர்ந்து, கையில் ஒட்டும் ஈரத்துடன் இருக்கக் காணலாம். பிரயாணி எத்தனை நூல் படித்திருப்பினும், இந்த ஒரு சாண் ஆழம் கற்பிப்பதை அவை கற்பிக்கமாட்டா.

இதன் காரணம் எளிது. மழைத்துளி பரலில் விழுந்தவுடன் இடைவெளிகளின் வழியே கீழே இறங்கிவிடுகிறது. மேலே தேங்குவதும் இல்லை, ஓடி வீணாவதும் இல்லை. இறங்கிய நீர் திரும்ப மேலேறுவதற்கோ வழியில்லை. சாதாரண நிலத்தில் மண்ணின் நுண்ணிய துவாரங்கள் விளக்குத் திரி எண்ணெயை இழுப்பதுபோல் அடி ஈரத்தை மேலே இழுத்துக் கொடுக்க, வெயிலும் காற்றும் அதனைக் குடித்துவிடுகின்றன. பரலின் இடைவெளிகள் பெரியவை. திரி அங்கே அறுந்துவிடுகிறது. மேலும் வெயிலின் சூடு மேற்பரப்பிலேயே நின்று, வேர்ப் பகுதியின் வெப்பம் ஏறாமலும் இறங்காமலும் நிலைக்கின்றது. உலர்ந்த பரலில் களை விதைகள் முளைப்பதும் அரிது.

இரவுப் பனியைப் பரல் உறிஞ்சிக் கொடிக்கு ஊட்டுகிறது என்று தீவில் பெருவழக்காகச் சொல்லப்படுகிறது. கடற்காற்றின் ஈரத்தால் பனி விழுவது உண்மையே. ஆயினும், ஆராய்ச்சியாளர்கள் அளந்து பார்த்ததில் பனியால் வரும் நீர் சொற்பம் என்றும், உள்ள ஈரம் ஆவியாகாமல் காக்கப்படுவதே பெரும்பயன் என்றும் தெரிந்திருக்கிறது. விவசாயி இதில் தெளிவாக இருத்தல் நலம். வருவாயைப் பெருக்குவது ஒன்று. செலவைச் சுருக்குவது மற்றொன்று. லான்சரோட்டேயின் பரல் இரண்டாவதைச் செய்கிறது.

குழியும் பிறைச் சுவரும்

லா ஹேரியாவில் பரல் மூன்று முதல் பத்து அடி ஆழம் வரை மூடிக் கிடக்கிறது. கொடியின் வேர் பழைய மண்ணைத் தொடவேண்டும். ஆகவே புனல் வடிவமாகக் குழி தோண்டி, அடியில் மண் தெரிந்ததும் ஒரு கொடி, சில இடங்களில் இரண்டு கொடிகள் நட்டு, அடியை மீண்டும் மெல்லிய பரலால் மூடுகின்றனர். பரல் சரியும் இயல்புடையதாதலின், ஆழம் மிகுந்தோறும் குழியின் வாயும் அகன்றே தீரவேண்டும். பல குழிகள் இருபது அடி குறுக்களவு உள்ளவை. காற்று வரும் வடகிழக்குத் திசையில் மாத்திரம், சுண்ணாம்பு சேர்க்காமல் எரிமலைக் கற்களை அடுக்கிப் பிறைச் சுவர் எழுப்புகின்றனர். கற்களின் இடுக்குகள் காற்றை முற்றும் தடுக்காமல் வேகத்தை மட்டும் தணிக்கின்றன.

இவ்வளவு இடத்தை ஒரு கொடிக்குக் கொடுப்பது வீண் என்று தோன்றலாம். கணக்கிட்டுப் பார்த்தால் அதன் நியாயம் விளங்கும். இருபது அடி குறுக்களவுள்ள குழியின் வாய்ப்பரப்பு சுமார் 314 சதுர அடி. அதில் ஆறு அங்குல மழை விழுந்தால் 157 கன அடி, அதாவது ஏறக்குறைய 4,400 லிட்டர் நீர், குழிக்குள் இறங்கும். ஒரு கொடி ஓராண்டு உயிர்வாழ்வதற்குக் கிடைக்கும் முதல் இதுவே. கொடிகளை நெருக்கி நட்டால் இம்முதல் பங்கு போடப்பட்டு எல்லாம் வாடும். எனவே ஏக்கருக்குச் சுமார் நூறு கொடிகளோடு நிறுத்திக்கொள்கின்றனர். மழைக்குத் தக்க பயிர் எண்ணிக்கை என்னும் மானாவாரியின் முதல் விதியை இதைவிடக் கண்டிப்பாகக் கடைப்பிடிக்கும் நாடு காண்பது அரிது.

பெரும்பாலும் நடப்படுவது அத்தீவிற்கே உரிய மல்வசியா என்னும் வெள்ளைத் திராட்சை. கொத்துகள் ஐரோப்பாவின் பிற பகுதிகளுக்கு முன்னதாகவே, சூலை இறுதியிலும் ஆகஸ்டிலும் பழுக்கின்றன. விளைச்சல் ஏக்கருக்குச் சுமார் 600 கிலோ. நீர்ப்பாசனத் தோட்டங்களை நோக்க இது மிகவும் குறைவே. பழம் திராட்சை மதுவாக வடிக்கப்பட்டு, அதன் தனிச் சுவையின் பொருட்டு நல்ல விலை பெறுவதனால்தான் இத்தொழில் நிற்கின்றது. 1775ஆம் ஆண்டில் தொடங்கப்பெற்ற மதுச்சாலை ஒன்று இன்றும் அங்கே நடைபெற்று வருகிறது.

எருவிடும் முறை

இயற்கைப் பண்ணையாகப் பெயர் பெறுவதற்கு ஐரோப்பியக் கூட்டரசின் சட்டம் சில நிபந்தனைகளை விதித்திருக்கிறது. ஓராண்டுப் பயிர்களுக்கு விதைப்பிற்கு முன் இரண்டு ஆண்டுகளும், திராட்சை போன்ற நிலைப் பயிர்களுக்கு அறுவடைக்கு முன் மூன்று ஆண்டுகளும் நிலம் விதிப்படி நடத்தப்பட்டிருக்க வேண்டும். செயற்கைத் தழைச்சத்து உரமும் விலக்கப்பட்ட மருந்துகளும் அக்காலத்தில் இடலாகாது. லான்சரோட்டேயில் இந்நிபந்தனைகள் பழைய வழக்கத்திற்கு அதிகம் மாறுபட்டவையல்ல. அங்கு முன்பு இடப்பட்டதும் ஆட்டெருவும் மாட்டெருவுமே.

எருவிடுகையில் ஒரு நுட்பம் கவனிக்கற்பாலது. மக்கிய எருவைப் பரலின் மேல் தூவினால் அது காய்ந்து பறக்கும். பரலோடு கலந்தால் இடைவெளிகள் அடைபட்டுப் போர்வை கெடும். ஆகவே, கொடியைச் சுற்றிலும் பரலை முதலில் ஒதுக்கி, வெளிப்பட்ட மண்ணில் எருவிட்டுக் கொத்திச் சேர்த்து, மீண்டும் பரலைப் பழையபடி மூடுகின்றனர். விதைப்பதிலும் இதுவே முறை. பரல் பரப்பிய வயல்களில் வெங்காயம், மசூர்ப் பருப்பு, கொண்டைக்கடலை முதலியவற்றைப் பயிரிடும்போது, பரலை விலக்கி விதையையோ நாற்றையோ மண்ணில் வைத்து மூடவேண்டும். பருப்பு வகைகளின் வேர்முண்டுகள் காற்றிலுள்ள தழைச்சத்தை மண்ணிற் சேர்ப்பதால், எருப் பற்றாத தீவில் அவை இருவகைப் பயன் தருகின்றன.

கொடிகளுக்கு வரும் நோய்களுள் முதன்மையானது சாம்பல் நோய். அதற்குக் கந்தகத் தூளைத் தூவுகின்றனர். கந்தகம் இயற்கை விவசாய விதிகளுக்கு உட்பட்டதே. காற்று உலர்ந்திருப்பதால் பிற பூஞ்சண நோய்கள் மிகுதியாகத் தாக்குவதில்லை.

மணற்போர்வை

பரலைப் போன்றே மணலும் போர்வையாகும் என்பதைத் தீவின் நடுவே மற்றொரு பகுதியிற் காணலாம். வடக்கே ஃபமாராக் கடற்கரையிலிருந்து காற்று வாரிக்கொண்டு வரும் கிளிஞ்சல் மணல் தீவைக் குறுக்கே கடந்து தெற்குக் கடலை நோக்கிச் செல்லும் வழியை எல் ஹாப்லே என்கின்றனர். அம்மணலின் கீழும் பழைய மண் ஈரம் காத்து நிற்கின்றது. அங்கே சர்க்கரைவள்ளிக் கிழங்கும் தர்ப்பூசணியும் பயிராகின்றன. காற்றிற்குத் தடையாக, ரை என்னும் தானியத்தின் வைக்கோலை வரிசையாக நட்டுச் சிறு வேலிகள் அமைக்கின்றனர். கல் கிடைத்த இடத்தில் கல். வைக்கோல் கிடைத்த இடத்தில் வைக்கோல்.

பிரயாணியின் வேலை

பண்ணையில் தங்குவோர்க்கு உணவு எளியது. தோலோடு உப்பு நீரில் அவித்துச் சுருக்கம் விழச் செய்த சிறு உருளைக் கிழங்கு, ஆட்டுப்பால் கட்டி, மிளகாயும் பூண்டும் அரைத்த துவையல், தானியத்தை வறுத்து அரைத்த கோஃபியோ என்னும் மாவு இவையே பெரும்பாலும். வீட்டின் பக்கத்தில் மழைநீர் சேர்க்கும் மூடிய தொட்டி ஒன்றும், சரிவில் விழும் நீரை அதற்குத் திருப்பும் தளமும் பழைய வீடுகளில் இன்றும் உண்டு. 1964ஆம் ஆண்டில் கடல் நீரை உப்பு நீக்கும் ஆலை வரும் வரையில் தீவினர்க்கு இத்தொட்டிகளே உயிர்.

1971ஆம் ஆண்டில் இங்கிலாந்தில் தொடங்கிப் பல தேசங்களிலும் பரவியுள்ள ஓர் ஏற்பாட்டின்படி, இயற்கைப் பண்ணைகளில் பிரயாணிகள் கூலி பெறாமல், ஊணுக்கும் உறைவிடத்திற்கும் ஈடாகச் சில மணி நேரம் உழைக்கலாம். லா ஹேரியாவில் இவ்வுழைப்பு எத்தகையது என்பது குழியில் இறங்கிய பின்னரே தெரியும். காற்றில் சரிந்து கொடியின் கழுத்தை மூடிய பரலை மண்வாரியால் மேலே எறியவேண்டும். விழுந்த பிறைச் சுவரை ஒவ்வொரு கல்லாகத் தேர்ந்து மீண்டும் அடுக்கவேண்டும். குளிர்காலத்தில் கவாத்துச் செய்யவேண்டும். கோடையில் பழக்கொத்துகளைக் கூடையிலிட்டுச் சரிவின் மேல் சுமந்து ஏறவேண்டும். எருதோ இயந்திரமோ இறங்க இயலாத குழியில் எல்லாம் கையாலேயே ஆகவேண்டும்.

புதியவர் ஒருவர் காலை முழுவதும் உழைத்துச் சில குழிகளையே சீர்செய்து முடிக்கக்கூடும். எதிரே மலைச்சரிவு முழுவதும் குழிகள் கிடக்கின்றன என்பதை அப்போதுதான் அவர் நிமிர்ந்து பார்ப்பார்.

கை குறைந்தால் குழி தூர்ந்துபோம்

அவ்வாறு நிமிர்ந்து பார்ப்பவர் கண்ணுக்கு மற்றொன்றும் தென்படும். சீராக உள்ள குழிகளின் நடுவே சுவர் இடிந்து, பரல் சரிந்து, கொடி பட்டுப்போன குழிகளும் ஆங்காங்கே உள்ளன. எரிமலையால் அழிந்தவை அல்ல அவை, ஆளின்றி அழிந்தவை. ஏறக்குறைய ஒன்றரை லட்சம் பேர் வாழும் தீவிற்கு அண்மைய ஆண்டுகளில் ஆண்டுதோறும் 30 லட்சத்திற்கு மேற்பட்ட பிரயாணிகள் வருகின்றனர். விடுதிகளிலும் கடைகளிலும் கிடைக்கும் மாதச் சம்பளம் குழியிற் குனிந்து பெறும் வருவாயினும் உறுதியானது. ஆதலின் இளைஞர் பலர் அத்தொழில்களை நாடுவதில் குறை காண இயலாது. பரம்பரையாகக் குழிகளைப் பேணி வந்தவர்களோ முதுமை எய்தி வருகின்றனர்.

இதற்குச் சிலர் கண்ட மாற்று, பரல் ஆழமில்லாத இடங்களில் குழிக்குப் பதிலாக நீண்ட பள்ளங்களை வெட்டி, அவற்றின் ஓரமாக நேர்ச்சுவர் எழுப்பி வரிசையாகக் கொடி நடுவது. இதனால் ஏக்கருக்கு அதிகக் கொடிகள் நிற்கும், வேலையும் எளிது. எனினும் பரல் ஆழமான லா ஹேரியாவின் உட்பகுதியில் இம்முறை செல்லாது.

பரல் பரப்பிய வயல்களுக்கும் இதே இடர் உண்டு. உழைப்பின்போது சிறிது சிறிதாக மண்ணும் பரலும் கலந்து, சுமார் இருபது ஆண்டளவில் போர்வை தன் குணத்தை இழக்கும், புதுப்பரல் இடவேண்டும். நான்கு அங்குலக் கனத்திற்கு ஒரு ஏக்கரில் பரப்ப 14,520 கன அடிப் பரல் வேண்டும். ஒரு வண்டிக்கு 40 கன அடி என்று வைத்துக்கொண்டாலும் 360 வண்டிக்கு மேலாகும். முன்னோர் இதனை ஒட்டகத்தின் முதுகில் சுமந்து பரப்பினர் என்றால், இவ்வயல்களில் எத்தனை தலைமுறையின் உழைப்பு படிந்திருக்கிறது என்பதை ஊகித்துக்கொள்ளலாம்.

இந்நிலத்தின் அருமையை உலகம் அறியாமலில்லை. 1993ஆம் ஆண்டில் யுனெஸ்கோ நிறுவனம் தீவு முழுவதையும் உயிர்க்கோளக் காப்பகமாக அறிவித்தது. லா ஹேரியா சட்டத்தால் காக்கப்பட்ட நிலக்காட்சியாக இருக்கிறது. ஐக்கிய நாடுகளின் உணவு விவசாய நிறுவனம் 2025ஆம் ஆண்டில் லான்சரோட்டேயின் பரல், மணல் விவசாய முறையை உலக முக்கியத்துவம் வாய்ந்த விவசாயப் பாரம்பரியங்களுள் ஒன்றாக ஏற்றது. இவை யாவும் நன்றே. ஆயினும் பத்திரத்தால் பரலை வாரி எறிய முடியாது. கண்டு களிக்க வரும் பிரயாணி, அவ்வூர்ப் பண்ணையின் பழத்தையும் பருப்பையும் கிழங்கையும் நல்ல விலை கொடுத்து வாங்குவானாயின், அல்லது சில நாள் குழியில் இறங்கி உழைப்பானாயின், அவன் கண்ட காட்சி அவன் பேரனுக்கும் கிட்டும்.

செல்வோர் கவனிக்கற்பாலன

குழிகளுக்கு இடையே மனம்போல நடத்தலாகாது. பரலில் பதிந்த அடிச்சுவடு நெடுநாள் அழியாது. விளிம்பில் மிதித்தால் பரல் சரிந்து கொடியை மூடும். பண்ணையார் காட்டும் பாதையிலேயே செல்லவேண்டும். நினைவுக்காகக் கல்லோ பரலோ எடுத்துச் செல்வதும் தவறு.

எல்லாவற்றினும் முக்கியமானது, வேற்றிடத்துச் செடியையோ மண்ணையோ கொண்டுசெல்லாமை. 19ஆம் நூற்றாண்டில் ஐரோப்பாவின் திராட்சைத் தோட்டங்களை வேரோடு அழித்த ஃபிலாக்செரா என்னும் வேர்ப்பேன் அக்காலத்தில் கானரித் தீவுகளை எட்டவில்லை. அதனால்தான் லான்சரோட்டேயின் கொடிகள் ஒட்டுக் கட்டப்படாமல் தம் சொந்த வேரிலேயே நிற்கின்றன. நூறாண்டு கடந்த கொடிகளும் உண்டு. ஆனால் 2025ஆம் ஆண்டில் அதே கூட்டத்தைச் சேர்ந்த டெனரீஃபே தீவில் அப்பூச்சி கண்டறியப்பட்டது. நெருப்பிற்குத் தப்பிய கொடிக் குலம் ஒருவர் பாதரட்சையில் ஒட்டிவரும் மண்ணால் அழிதல் கூடாது. தோட்டத்தினின்று தோட்டம் செல்வோர் பாதரட்சையைக் கழுவித் துடைத்துச் செல்வது கடமை.

பெறத்தக்க படிப்பினை

லான்சரோட்டேயின் முறையை அப்படியே வேறிடத்தில் செய்ய முற்படுவது அறிவுடைமையாகாது. அங்குள்ள பரல் இலேசானது, மழை சொற்பம், ஏர் ஓட்ட அவசியமில்லை. பெருமழை பெய்து மண் கரையும் இடத்திலும், ஆண்டுக்கு இருமுறை உழவேண்டிய நிலத்திலும் கல் பரப்பினால் அது மண்ணோடு கலந்து பின்னர் நீங்காத தொல்லையாகும். ஆயின் அதன் தத்துவம் எங்கும் பொருந்தும். மண்ணை வெயிலுக்கும் காற்றுக்கும் திறந்து போடலாகாது என்பதே அத்தத்துவம். அந்தந்த இடத்தில் எளிதிற் கிடைக்கும் சருகோ, வைக்கோலோ, தட்டையோ, பருமணலோ போர்வையாகலாம்.

ஐயமுள்ளோர் செலவின்றிச் சோதித்துப் பார்க்க வழியுண்டு. ஒரே அளவான இரண்டு மண்சட்டிகளில் ஒரே மண்ணை நிரப்பி, இரண்டிலும் ஒரே அளவு நீர் ஊற்றுக. ஒன்றின் மேல் மட்டும் இரண்டு அங்குலக் கனத்திற்குப் பருமணலோ சிறு சரளையோ பரப்புக. இரண்டையும் வெயிலில் வைத்து, நாள்தோறும் மாலையில் தராசில் நிறுத்துக் குறித்து வருக. எந்தச் சட்டி எவ்வளவு நீரை இழந்தது என்பதை ஒரு வாரத்தில் தராசே சொல்லிவிடும்.

1730ஆம் ஆண்டு செப்டம்பர் மாதத்து இரவில் தம் வயல்கள் மேல் பரல் விழக் கண்டவர்கள் அதனைச் சாபமென்றே எண்ணியிருப்பர். அவர்தம் மக்களும் பேரரும் அதனை வாரிக் கொட்டிவிட முயலாமல், அதன் கீழே கைவிட்டுப் பார்த்தனர். ஈரம் இருந்தது. அந்த ஈரத்தை நம்பித் தோண்டிய குழிகளில் இன்றும் கொடி தளிர்க்கிறது. தோண்டவும் பரல் வாரவும் கைகள் இருக்கும் வரையில் அது தளிர்க்கும்.